கட்லா பித்தம்

இதைப் படிக்கிறவர்களில் யாருக்காவது சர்க்கரை நோய் இருந்து, அதற்குப் பச்சை மீன் பித்தம் கண்கண்ட மருந்து என்று யாராவது சொன்னால், சொன்னவரைக் கையெடுத்துக் கும்பிட்டுவிட்டு வீட்டுக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொள்ளுங்கள். கும்பிடாமல் சாத்தினாலும் குற்றமில்லை. அந்தப் பித்தம் இரண்டு சிறுநீரகங்களையும் நிறுத்திவிடும். நான் விலங்கியலில் முதுகலை படித்தவன். மீன்வளத் துறையில் ஆய்வாளராகச் சேர்ந்து உதவி இயக்குநராக ஓய்வு பெற்றவன். மீன் வயிற்றில் எது எங்கே இருக்கிறது என்று கரும்பலகையில் படம் போட்டு மீனவர்களுக்கு வகுப்பு எடுத்தவன். அப்படிப்பட்ட நான்தான் ஒரு கட்லாவின் பித்தப்பையை முழுசாக விழுங்கினேன். கொடுத்தவர் என் அப்பா.

அப்பாவின் பெயர் பெரியதம்பி. மேட்டூர் அணையின் நீர்த்தேக்கத்தில் உரிமம் பெற்ற மீனவர். எண்பதைத் தாண்டிய பிறகும் பரிசல் ஏறுகிறவர். கொளத்தூர்ப் பக்கம் கரையோரமாகத் தம்பி வீட்டில் இருக்கிறார். நான் ஓய்வு பெற்றபின் எடப்பாடியில் இருக்கிறேன். எங்கள் இருவருக்கும் நடுவில் இரண்டு பஸ் தூரம் இருந்தது. கூடவே ஒரு வலையும் இருந்தது.

வலை விஷயத்தைச் சொல்லாமல் நோய் விஷயத்தைச் சொல்ல முடியாது. ஆய்வாளராக இருந்தபோது எனக்கு அதே அணைக்கு மாற்றல் வந்தது. நீர்த்தேக்கத்தில் வலையின் கண்ணி இத்தனைக்குக் குறையக் கூடாது என்று விதி உண்டு. கண்ணி சின்னதாக இருந்தால் குஞ்சுகளும் மாட்டி, அடுத்த வருடம் பிடிக்க மீன் இருக்காது. ஒரு சோதனையில் பிடித்த வலைகளில் அப்பாவுடையதும் இருந்தது. அளந்தேன். குறைந்தது. பறிமுதல் மகசரில் மற்றவர்கள் பெயரோடு அவர் பெயரையும் எழுதினேன். கரையில் குவித்து, சாட்சிகள் முன்னிலையில் எரித்தோம். அவர் கையாலேயே முடைந்த வலை அது. எரிந்து முடியும்வரை நின்று பார்த்துவிட்டுப் போனார். அன்றிலிருந்து எனக்கு 'ஆபீசர்' என்று பெயர். கல்யாணம், கருமாதி என்று எங்கே பார்த்தாலும், "என்ன ஆபீசரு, சௌக்கியமா?" என்பார். அதற்கு மேல் ஒரு சொல் கிடையாது. குறைந்த கண்ணி குறைந்த கண்ணிதான். இன்று கேட்டாலும் அதையேதான் சொல்வேன்.

இந்த வருடம் என் சர்க்கரை இறங்காமல் நின்று, கால் சுண்டுவிரல் கறுக்க ஆரம்பித்தது. என் மனைவி கமலா அதைத் தம்பி வீட்டுக்குப் போன் செய்து சொல்லியிருக்கிறாள். மறுநாள் காலை வாசலில் அப்பா நின்றார். கையில் தூக்குப்போசி.

"ஏனுங்க, மாமா வந்திருக்காங்க," என்று கமலா உள்ளே ஓடி வந்தாள். நெருப்புப் பிடித்துவிட்டது என்று சொல்கிற குரல்.

அவர் உட்காரவில்லை. போசியின் மூடியைத் திறந்தார். தண்ணீருக்குள் கரும்பச்சையாக, நாவல்பழம் அளவில் ஒரு பை.

"பத்துக் கிலோ கட்லா. விடியால வலையில உழுந்துச்சு. ஒடையாம எடுத்தேன்," என்றார்.

"என்னத்துக்குங்க இது?" என்றேன்.

"உன்ற சக்கரைக்கு. கடிச்சறாத சாமி, கசந்துரும். அப்படியே தண்ணியோட உட்டுரு."

அவர் தன் மூட்டுவலிக்கு ஆற்றுக் கெண்டையின் பித்தத்தை விழுங்குகிறவர். அது மிளகு அளவுதான் இருக்கும். மிளகு அளவே நல்லது செய்யும்போது நாவல்பழம் அளவு எவ்வளவு செய்யும் என்று கணக்குப் போட்டிருக்கிறார். நஞ்சுக்கும் அதே கணக்குதான் என்று அவருக்கு யார் சொல்வது? அணையில் கட்லாக் குஞ்சுகளைக் கொண்டுவந்து விட்டதே என் துறைதான். விட்டபோது பித்தத்தைப் பற்றி நாங்களும் ஒரு வார்த்தை சொல்லவில்லை.

எனக்குத் தெரியாதா என்று கேட்பீர்கள். கட்லா மாதிரிப் பெரிய கெண்டையினங்களின் பித்தம் ஆகாது என்று எங்கேயோ படித்திருக்கிறேன். ஆனால் வலை எரிந்த நாளுக்குப் பிறகு அவர் வாயிலிருந்து 'சாமி' என்ற செல்லச் சொல் என் பக்கம் வந்ததே இல்லை. மறுப்பதற்கான காரணங்களைச் சொல்லத்தான் வாயைத் திறந்தேன். காரணம் வெளியே வருவதற்குள் பை உள்ளே போய்விட்டது. அவர் தம்ளரைக் கழுவிக் கவிழ்த்துவிட்டு, "வாரேன்," என்று கிளம்பிப் போனார்.

மதியத்துக்குள் வாந்தியும் வயிற்றுப்போக்கும் ஆரம்பித்தன. உள்ளூர் மருத்துவர் 'உணவு ஒவ்வாமை' என்று எழுதி ஊசி போட்டார். வயிறு அடங்கியது. அடங்கக் கூடாத இன்னொன்றும் அடங்கியது. சிறுநீர் வரவில்லை. முகமும் காலும் வீங்கிய பிறகு சேலத்தில் ஒரு தனியார் மருத்துவமனைக்குக் கொண்டுபோனார்கள்.

அங்கே முதலில் பார்ப்பது நோயாளியின் நாடியை அல்ல, காப்பீட்டு அட்டையை. ஓய்வூதியர் காப்பீட்டுக்கு முன் அனுமதி வேண்டும், முன் அனுமதிக்கு நோயின் பெயர் வேண்டும், நோயின் பெயருக்குச் சோதனைகள் வேண்டும், சோதனைகளுக்கு முன்பணம் வேண்டும். முன்பணம் கட்டினால் பிறகு முன் அனுமதி எதற்கு என்று கேட்டேன். கவுன்டரில் இருந்த பெண், "சார், நீங்க பேஷன்டா, அட்டெண்டரா?" என்றாள். பேஷன்ட் என்றதும் உட்காரச் சொன்னாள். கமலா தன் வளையலைத் தடவிக்கொண்டு நிற்பதைப் பார்த்து எனக்கு எரிச்சல் இன்னும் ஏறியது. கழற்ற வேண்டிய நிலை வரவில்லை. ஆனால் கழற்றத் தயாராகிவிட்டாள்.

சிறுநீரக மருத்துவர் இளம்பெண். "கிரியாட்டினின் ரொம்ப ஏறிடுச்சு சார்," என்றார். உடம்பின் தசைகள் வேலை செய்கையில் ரத்தத்தில் சேரும் கழிவுக்குப் பெயர் கிரியாட்டினின். சிறுநீரகம்தான் அதை வெளியே தள்ளும். அது ஏறினால், தள்ளுகிறவர் வேலைநிறுத்தத்தில் இருக்கிறார் என்று பொருள்.

"நாட்டு மருந்து ஏதாவது சாப்பிட்டீங்களா? பச்சிலை, பஸ்பம், லேகியம்?"

"இல்லை," என்றேன். பித்தம் பச்சிலையுமில்லை, பஸ்பமுமில்லை. கேட்ட கேள்விக்கு மட்டும் பதில் சொல்வது அலுவலகப் பழக்கம்.

கமலா என் கையை அழுத்தினாள். பதிலுக்கு நான் அவள் கையை அழுத்தினேன். மருத்துவர் போனதும், "ஏனுங்க, உசுரு போற சமாச்சாரம், சொன்னா என்ன?" என்றாள்.

சொன்னால் என்ன ஆகும் என்று எனக்குத் தெரியும், அவளுக்குத் தெரியாது. நஞ்சு உட்கொண்டவர் என்று பதிவானால் மருத்துவமனை காவல் நிலையத்துக்குத் தகவல் அனுப்பியாக வேண்டும். காவலர் கட்டிலுக்கே வந்து வாக்குமூலம் வாங்குவார். யார் கொடுத்தது என்பார். அதற்கு ஒரே ஒரு பெயர்தான் உண்டு. அந்தப் பெயரை ஒருமுறை காகிதத்தில் எழுதியவன் நான். இரண்டாம் முறை எழுதுவதாக இல்லை. "வாயை மூடிட்டு இரு," என்றேன். நாற்பது வருடக் குடித்தனத்தில் அவள் அன்றைக்குத்தான் முதல்முறையாக மூடினாள், அதுவும் வேண்டாத நேரத்தில்.

டயாலிசிஸ் தொடங்கியது. கழுத்து ரத்தக்குழாயில் இரண்டு வாய் உள்ள ஒரு குழாயைச் சொருகுவார்கள். ஒரு வாயில் ரத்தம் வெளியே போய் எந்திரத்தில் கழுவப்பட்டு, மறு வாயில் திரும்பி வரும். வலி அதிகமில்லை. குளிர் உண்டு, எலும்புக்குள் இருந்து வரும் குளிர். கெண்டைக்கால் பிடித்து இழுக்கும். கழுவிய அன்று கொஞ்சம் மனிதனாக இருப்பேன். மறுநாள் மறுபடியும் மூச்சு கனக்கும். உள்ளே போன தண்ணீர் வெளியே வர வழி இல்லாததால் குடிக்கும் தண்ணீருக்கு அளவு வைத்தார்கள். கமலா ஈரத்துணியால் என் உதட்டை ஒற்றுவாள். எனக்கு எதிரே குடிக்க மனமில்லாமல் வராந்தாவுக்குப் போய்த் தண்ணீர் குடித்துவிட்டு வருவாள். வாயைத் துடைத்துக்கொண்டு வருவதிலேயே தெரிந்துவிடும். அதற்கும் அவள்மேல் எரிந்து விழுந்திருக்கிறேன்.

காத்திருப்பு அறையில் ஆளுக்கொரு யோசனை வைத்திருந்தார்கள். ஆத்தூர்ப் பக்கத்துக்காரர் ஒருவர், ஜவ்வரிசி மில்லில் கணக்கு எழுதுகிறவர், "ஒருக்கா ஆரம்பிச்சா ஆயுசுக்கும் இதுதான் சார்," என்று வாழ்த்தினார். எனக்குத் தெரிந்துகொள்ள வேண்டியிருந்ததும் அது ஒன்றுதான். நின்ற சிறுநீரகம் திரும்பி ஓடுமா, இல்லையா?

மருத்துவருக்கும் அதுதான் புரியவில்லை. "காரணம் தெரிஞ்சாத்தான் சார் சொல்ல முடியும். பயாப்ஸி பண்ணிப் பாத்துடலாம்," என்றார். முதுகு வழியாக ஊசி விட்டு, சிறுநீரகத்தில் நூலளவு சதையைக் கிள்ளி எடுத்துப் பார்ப்பதுதான் பயாப்ஸி. சில பேருக்கு ரத்தம் நிற்காமல் போவதுண்டு. அதோடு விடவில்லை. என் உடம்பே என் சிறுநீரகத்தைத் தாக்குகிறதோ என்று சந்தேகம் இருப்பதால் ஸ்டீராய்டு ஆரம்பிக்கலாம் என்றார். ஸ்டீராய்டு போட்டால் சர்க்கரை கூரையைத் தொடும். விரலின் கறுப்பு காலுக்கு ஏறும். ஒப்புதல் படிவத்தைக் கொடுத்தார்கள். நான் மற்றவர்களிடம் வாங்கிய ஒப்புதல்களில் எல்லாம் வரிக்கு வரி படித்தாயா என்று கேட்டிருக்கிறேன். இதைப் படிக்காமல் கையெழுத்துப் போட்டேன். இல்லாத நோய்க்கு ஊசி ஏற்றிக்கொள்ளத் தயாராகிவிட்டேன், இருக்கிற காரணத்தைச் சொல்லத் தயாராகவில்லை. முட்டாள்தனம் என்று அப்போதே தெரியும். தெரிந்ததால் கோபம் இன்னும் கூடியது, குறையவில்லை.

பயாப்ஸிக்கு முந்தைய நாள், பார்வையாளர் நேரத்தில் அப்பா வந்தார். அதே தூக்குப்போசி.

கட்டிலருகே வந்து கழுத்துக் குழாயைப் பார்த்தார். முகம் ஒரு தரம் சுருங்கியது. பிறகு போசியைச் சிறுமேசைமேல் வைத்தார்.

"ஒண்ணு பத்தலையாட்ட இருக்குது. அதான் இன்னொண்ணு கொண்டாந்தேன்."

கமலா போசியைப் பிடுங்கிக்கொண்டு சுவரோரம் போனாள். எனக்கு எழுந்து உட்காரக்கூடத் தெம்பில்லை. குரலுக்கு மட்டும் எங்கிருந்தோ தெம்பு வந்தது.

"உங்க மருந்துதான் என்னை இங்க கொண்டாந்து போட்டிருக்குது! ரெண்டு கிட்னியும் நின்னுபோச்சு!"

பக்கத்துக் கட்டில்காரர்கள் திரும்பினார்கள். அப்பா அசையவில்லை.

"டாக்டரம்மா சொன்னாங்களா?"

"அவங்களுக்குத் தெரியாது."

"ஏந் தெரியாது?"

"நான் சொல்லல."

"ஏன்டா சொல்லல?"

"சொன்னா போலீஸ் வரும். உங்க பேரை எழுதுவாங்க."

"ஓகோ," என்றார். "எம்பேரு காயிதத்துல ஏறுனதே இல்லையாக்கும்!"

திரும்பி நடந்தார். நர்ஸ்கள் மேசைக்குப் போய், வார்டே கேட்கிற மாதிரி, தண்ணீர்மேல் ஒரு கரையிலிருந்து மறு கரைக்குக் கூப்பிட்டுப் பழகிய குரலில் கேட்டார்: "கிட்னி டாக்டரம்மா எங்கீங்க? அந்த ஆறாம் நெம்பர் கட்டிலுக்கு வெசம் குடுத்தது நாந்தானுங்க."

மருத்துவர் ஓடி வந்தார். முழுவதும் கேட்டார். பயாப்ஸியும் ஸ்டீராய்டும் அந்த நிமிடமே ரத்தாயின. "பெரும்பாலும் திரும்பிடும் சார், கொஞ்ச நாள் டயாலிசிஸ்ல தாட்டிட்டாப் போதும்," என்றார். எனக்கு ஆயுள் கொடுத்த வாக்கியம். அடுத்த வாக்கியம்: "நீங்க ஃபிஷரீஸ்லதான சார் இருந்தீங்க?" அதற்குப் பதில் சொல்ல விதிகளில் இடமில்லை. இரண்டாவது பித்தப்பையை மருத்துவக் கழிவுக்கான மஞ்சள் பையில் போட்டுக் கட்டினார்கள்.

சாயங்காலம் ஏட்டு வந்தார். நல்ல மனிதர். நாற்காலியை இழுத்துப் போட்டு, அட்டையில் தாளைச் செருகிக்கொண்டு கேட்டார்.

"சொல்லுங்க சார். நீங்களாச் சாப்பிட்டீங்களா, ஆராச்சும் குடுத்தாங்களா?"

"நானாகக் கேட்டு வாங்கிச் சாப்பிட்டேன்."

"பொய்யிங்க," என்றார் கால்மாட்டில் நின்ற அப்பா.

"நீங்க ஆருங்க?"

"குடுத்தவன்."

"அவருக்கு வயசாச்சு, ஞாபகம் தப்பும்," என்றேன்.

"ஆருக்குடா தப்பும்? பொய்யி எழுதாதீங்க ஏட்டய்யா. இவன் கேக்கவுமில்ல, வாங்கவுமில்ல. நாந்தேன் கொண்டாந்து குடுத்தேன்."

ஏட்டு எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். குற்றத்தை ஒருவர்மேல் ஒருவர் தள்ளுகிறவர்களைப் பார்த்திருப்பார். தனக்குத்தான் வேண்டும் என்று இழுக்கிறவர்களைப் பார்த்திருக்க மாட்டார். சமாதானமாக ஒரு வழி பண்ணினார்.

"சரிங்க பெரியவரே. தெரியாமக் குடுத்துட்டீங்க. அப்படித்தான?"

"தெரியாம என்ன? தெரிஞ்சுதான் குடுத்தேன்."

பேனா நின்றது.

"ஐயோ, தெரிஞ்சு குடுத்தேன்னு எழுதுனா உங்களக் கூட்டிட்டுப் போகோணுங்க."

"கூட்டிட்டுப் போங்க. என்ன ஏதுன்னு தெரியாத ஒண்ண எம்பையன் வாயில போடுவனா? நல்லதுன்னு தெரிஞ்சுதான் போட்டேன். தெரியாமன்னு எழுதுனா நான் கையெழுத்துப் போட மாட்டேன்."

"மாமா, அவங்க உங்க நல்லதுக்குத்தான சொல்றாங்க," என்றாள் கமலா.

"நீ சும்மா இரு சாமி. இது ஆபீசரு ஊட்டு நாயம் இல்ல, எம்பட நாயம்."

ஏட்டு என்னைப் பார்த்தார். முகத்தில் பாவமாக ஒரு வேண்டுகோள். 'தெரிந்து', 'தெரியாமல்' என்ற இரண்டு சொல்லுக்கு நடுவில் ஒரு கிழவரைச் சிறைக்கும் வீட்டுக்குமாக வைத்துக்கொண்டு நிற்கிறார். எனக்கு மூச்சு இரைத்தது. "அவர் வாக்குமூலமா எழுதுங்க, நான் சொல்றேன்," என்றேன்.

சொன்னேன். 'என் மகனின் சர்க்கரை நோய்க்கு நன்மை பயக்கும் என்று, என் நெடுநாள் அனுபவத்தின் அடிப்படையில் உறுதியாக நம்பி, மேற்படிப் பொருளை நானே கொண்டுவந்து கொடுத்தேன். அவருக்குத் தீங்கு செய்யும் எண்ணம் எனக்கு எக்காலத்திலும் இருந்ததில்லை.' ஏட்டு நிம்மதியாக எழுதினார். "சார், இந்த 'எக்காலத்திலும்' ரொம்ப நல்லாருக்குதுங்க," என்றார்.

அப்பா இரண்டு தடவை படிக்கச் சொல்லிக் கேட்டார். கேட்டுவிட்டு, ஒவ்வொரு எழுத்தாக அழுத்திக் கையெழுத்துப் போட்டார். பேனாவைத் திருப்பிக் கொடுக்கவில்லை. கையிலேயே வைத்துக்கொண்டு என்னைப் பார்த்தார்.

"இத்தன வார்த்த உங்கிட்ட இருந்துச்சா?"

நான் போர்வையை இழுத்துவிட்டுக்கொண்டேன்.

"அன்னைக்கு வலைக்கு ஒண்ணு கூட எடுக்கலையே."

"எந்த வலைங்க?" என்றார் ஏட்டு.

"அது வேற," என்றோம் நாங்கள் இருவரும் ஒரே நேரத்தில்.

ஏட்டு பேனாவை வாங்கிக்கொண்டு போனபிறகு, "அது அளவுங்கப்பா. அளவுக்கு வார்த்தை கெடையாது," என்றேன். அவர் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். அதற்குப் பிறகு என்னிடம் பேசவில்லை. ஆனால் ஊருக்கும் போகவில்லை. வராந்தாவில் துண்டை விரித்துப் படுத்துக்கொண்டார்.

உள்ளே போகிற தண்ணீர், வெளியே வருகிற சிறுநீர், இரண்டையும் அளந்து எழுத வேண்டும். அந்த வேலையைக் கமலாவிடமிருந்து யாரும் கேட்காமல் அப்பா எடுத்துக்கொண்டார். அளவுக்கோடு போட்ட பிளாஸ்டிக் கேனை ஜன்னல் வெளிச்சத்துக்கு உயர்த்திப் பிடித்துப் பார்ப்பார். அடியில் தேயிலைத் தண்ணீர் மாதிரி இத்துனூண்டு கிடக்கும். உதட்டைப் பிதுக்கிக்கொண்டே கழிவறைக்குப் போய்க் கொட்டுவார். என்னிடம் ஒரு வார்த்தை கிடையாது. பெற்ற மகனின் மூத்திரத்தை அளந்துகொண்டு அவனிடம் பேசாமல் இருக்கிற வீம்பை நான் வேறெங்கும் பார்த்ததில்லை. நானும் பேசவில்லை. நானும் அதே வீட்டில் பிறந்தவன்தானே?

பிறகு கேன் கொஞ்சம் கொஞ்சமாக ஏறியது. ஒரு நாள் காலையில் அப்பா வெளிச்சத்தில் பிடித்தவர் இறக்கவில்லை.

"கமலா, இங்க வந்து பாரு சாமி."

பாதிக் கேனுக்கு மேல் இருந்தது, வெளிர் மஞ்சளாக. அவர் அதைக் கழிவறைக்குக் கொண்டுபோகவில்லை. வருவோர் போவோர் நடுவே நர்ஸ்கள் மேசைக்கு நடந்தார்.

"மூடி போட்டுக் கொண்டு போங்கப்பா!" என்று கத்தினேன்.

"மூடுனா எப்படித் தெரியும்?" என்றார் திரும்பாமலே. வாக்குமூலத்துக்குப் பிறகு என்னிடம் அவர் பேசிய முதல் வார்த்தை அது.

கழுத்துக் குழாயை எடுத்தார்கள். கிரியாட்டினின் இறங்கியது. வீட்டுக்கு அனுப்புகிற அன்று மாத்திரைச் சீட்டு, அடுத்த சோதனை நாள், உப்பு இல்லாத சாப்பாடு என்று எல்லாம் சொன்னார்கள். கூட்டத்துக்குள் போகக் கூடாது என்றும் சொன்னார்கள். காப்பீட்டுக்காரர்கள் கடைசிப் பட்டியலில் கையுறையையும் பஞ்சையும் கழித்தார்கள். அவற்றை நான் ஆசைப்பட்டுக் கேட்டு வாங்கியதாக நினைப்பு. வாதாடவில்லை. கமலா கட்டினாள், வளையல் கையிலேயே இருந்தது.

வாடகைக் கார் புது பஸ் ஸ்டாண்டைத் தாண்டும்போது அப்பா, "இங்க நிறுத்துங்க. மேட்டூர் வண்டி நிக்குது," என்றார்.

"ஊட்டுக்கு வாங்க மாமா, ரெண்டு நாள் இருந்துட்டுப் போலாம்," என்றாள் கமலா.

"கண்ணி குறைஞ்சுதான் இருந்துச்சுங்கப்பா," என்றேன் நான். ஏன் அந்த நேரத்தில் சொன்னேன் என்று தெரியவில்லை. அத்தனை நாளும் அதுதான் தொண்டையில் நின்றிருக்க வேண்டும்.

அவர் கதவைத் திறந்து இறங்கினார். குனிந்து உள்ளே பார்த்தார்.

"குறைஞ்சுதான்டா இருந்துச்சு. மொடஞ்சவன் நானு, எனக்குத் தெரியாதா? இல்லைன்னு நான் எப்பச் சொன்னேன்?" அவர் குரல் உயர்ந்தது. பூக்காரி ஒருத்தி திரும்பிப் பார்த்தாள். "அதை நீதான் அளக்கோணுமா? அத்தன பேரு நின்னாங்களே. வேற ஒருத்தன் கையில அந்த அளவுகோலைக் குடுத்துட்டு, நீ எம் பக்கத்துல வந்து நின்னுருக்கக் கூடாதா?"

சொல்லிவிட்டு விறுவிறுவென்று பஸ்ஸை நோக்கிப் போனார்.

நான் இறங்கினேன். "ஏனுங்க, எங்கீங்க? கூட்டத்துல போகக் கூடாதுன்னாங்களே!" என்று கமலா கத்தினாள். கால் வீக்கம் முழுவதும் வடியவில்லை. பஸ் படியில் ஏறுவதற்குள் இரண்டு முறை நிற்க வேண்டியிருந்தது. அப்பா ஜன்னல் ஓரம் உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் உட்கார்ந்தேன். அவர் என்னைப் பார்க்கவில்லை. கால்களைக் கொஞ்சம் ஒடுக்கிக்கொண்டார், அவ்வளவுதான்.

பஸ் கிளம்பியது. நடத்துநர் வந்தார்.

"மேட்டூருங்களா? ரெண்டு பேருங்களா?"

"ஒருத்தருங்க," என்றார் அப்பா. தனக்கு மட்டும் சில்லறையாக எண்ணிக் கொடுத்து டிக்கெட் வாங்கி, மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார்.

நான் எனக்கு ஒன்று வாங்கிக்கொண்டேன்.